பத்துச் சாலைகள் கூடும் ஊர்

பத்துச் சாலைகள் ஓர் ஊரில் வந்து கூடினால் என்ன ஆகும்? நம் பக்கமாக இருந்தால் வாரத்துக்கு ஒரு நாள் பெரிய சந்தை கூடும். மாட்டுத் தரகரும் வளையல் செட்டியாரும் வந்து சேருவார்கள். அமெரிக்காவில் பென்ஸில்வேனியா மாகாணத்தில் இருக்கும் கெட்டிஸ்பர்க் என்ற சிற்றூருக்கும் பத்துச் சாலைகள் வந்து சேருகின்றன. 1863-ம் வருஷம் ஜூலை மாதம் 1-ம் தேதி அந்தச் சாலைகள் வழியே வந்தவை இரண்டு சேனைகள்! ஊரின் ஜனத்தொகை அப்போது சுமார் 2,400. வந்து இறங்கிய விருந்தாளிகளோ ஒன்றரை லட்சத்துக்கு மேல். மூன்று நாள் தங்கினார்கள். அவர்கள் புறப்பட்டுப் போனபோது இருபதாயிரத்துக்கு மேற்பட்ட காயம்பட்ட மனிதர்களை அந்த 2,400 பேரின் கையில் விட்டுப் போனார்கள்.

அந்த ஊரைப் பார்க்க வேண்டும் என்று எனக்கு வெகு நாளாக ஆசை. வாஷிங்டனில் இஞ்சினீயராக இருக்கும் நண்பர், "அதற்கென்ன, 80 மைல்தானே! காலையில் போய் இருட்டுவதற்குள் திரும்பிவிடலாம்" என்றார். அவருடைய மனைவி புளியோதரையும் தயிர் சாதமும் கட்டிக்கொண்டார். ஐந்து அடுக்கு டிபன் காரியர். அந்தப் பாத்திரம் பிற்பாடு சரித்திர விளக்கத்துக்குப் பயன்படப் போகிறது என்று அப்போது எங்களில் யாருக்கும் தெரியாது.

கெட்டிஸ்பர்க்கில் ஒரு நல்ல வழக்கம் இருக்கிறது. கடுமையான பரீட்சை எழுதித் தேறிய வழிகாட்டிகள் இருக்கிறார்கள். 1915-லிருந்து இந்த ஏற்பாடு நடக்கிறது. வழிகாட்டி வந்து உங்கள் காரின் சாவியை வாங்கிக்கொண்டு, தாமே ஓட்டிக்கொண்டு போய் யுத்தகளம் முழுவதையும் காட்டுவார். எங்களுக்கு வாய்த்தவர் தலை நரைத்த பெரியவர். மெதுவாகப் பேசுகிறவர். நாங்கள் மூவரும் மூன்று கேள்விகளை ஒரே சமயத்தில் கேட்டதும், "முதலில் சேனை என்றால் என்ன என்பதைச் சொல்லிவிடுகிறேன். இல்லாவிட்டால் சாயங்காலம் வரை குழப்பம்தான்" என்று சொல்லிச் சுற்றுமுற்றும் பார்த்தார். ஆசனத்தில் இருந்த டிபன் காரியர் அவர் கண்ணில் பட்டது.

"இது மிகவும் சௌகரியம்" என்றார்.

அடி அடுக்குக் கம்பெனி. நூறு பேர் கொண்டது. பத்துக் கம்பெனி சேர்ந்தால் ஒரு ரெஜிமெண்ட். கணக்குப்படி ஆயிரம் பேர். ஆனால் இரண்டு வருஷ யுத்தத்துக்குப் பிறகு, 1863-ல் பல ரெஜிமெண்டுகளில் முந்நூறு, நானூறு பேர்தான் மிஞ்சியிருந்தார்கள். நாலைந்து ரெஜிமெண்ட் சேர்ந்தால் ஒரு பிரிகேட். சில பிரிகேடுகள் ஒரு டிவிஷன். இரண்டு மூன்று டிவிஷன்கள் சேர்ந்தால் ஒரு 'கோர்'. (எழுதும்போது கார்ப்ஸ் என்று எழுதுவார்கள். நானும் அப்படியே உச்சரித்து வைத்தேன். பெரியவர் மரியாதையாகத் திருத்தினார்.) இத்தனை அடுக்கையும் சேர்த்துப் பிடிக்கும் கைப்பிடி இருக்கிறதே, அதுதான் சேனாதிபதி.

"அடுக்கு ஒவ்வொன்றும் வெவ்வேறு ஊர்ச் சமையல்" என்று மேலும் சொன்னார். உண்மைதான். ரெஜிமெண்டுகள் மாகாணவாரியாகத் திரட்டப்பட்டவை. மெய்ன் மாகாணத்து 20-வது ரெஜிமெண்ட், வட கரோலினாவின் 26-வது ரெஜிமெண்ட் என்றெல்லாம் பெயர். கம்பெனிகளோ பெரும்பாலும் ஒரே ஊர், ஒரே தாலூகா இளைஞர்களைக் கொண்டவை. பக்கத்தில் நின்று சுடுகிறவன் அண்டை வீட்டுக்காரனாக இருப்பான், அல்லது அத்தை பிள்ளையாக இருப்பான். தைரியம் குறைந்து ஓடினால் ஊருக்குத் தெரிந்துவிடும் என்ற பயமே பலரை நிற்க வைத்தது. ஒரு ரெஜிமெண்ட் அழிந்தால் ஒரு ஜில்லா முழுவதும் இழவு வீடாகிவிடும்.

வடக்கத்தியார் தங்கள் பிரிகேடுகளுக்கு எண் கொடுத்தார்கள். தெற்கத்தியார் தலைவரின் பெயரையே வைத்தார்கள். வடக்கே கோருக்கு ஒரு சின்னம் உண்டு: ஒன்றுக்குப் பிறை, ஒன்றுக்கு நட்சத்திரம், ஒன்றுக்கு மூவிலை. தொப்பியில் தைத்துக்கொள்ள வேண்டும். சிவப்பாக இருந்தால் முதல் டிவிஷன், வெள்ளையாக இருந்தால் இரண்டாவது, நீலமாக இருந்தால் மூன்றாவது. எந்தச் சிப்பாய் எங்கே இருக்க வேண்டியவன் என்பது தொப்பியைப் பார்த்தாலே தெரிந்துவிடும்.

எதற்காக யுத்தம் என்பது நேயர்களுக்குத் தெரிந்ததே. அடிமை முறையைக் காப்பாற்றிக்கொள்ளத் தென் மாகாணங்கள் பதினொன்று தனி ராஜ்யம் ஆகப் பார்த்தன. லிங்கன் சம்மதிக்கவில்லை. 1861-ல் தொடங்கிய சண்டை நாலு வருஷம் நடந்து, ஆறு லட்சம் பேருக்கு மேல் பலி கொண்டது. தெற்கிலிருந்து இங்கிலாந்துக்குப் போய்க்கொண்டிருந்த பருத்தி நின்றுபோகவே, நம் திருநெல்வேலிச் சீமைப் பருத்திக்குக்கூட அந்த நாலு வருஷம் ராஜயோகம் அடித்தது. யுத்தம் முடிந்ததும் யோகமும் முடிந்துவிட்டது.

இரு தரப்புத் தளபதிகளும் பெரும்பாலும் ஒரே பள்ளிக்கூடத்து மாணவர்கள் என்பதுதான் விசித்திரம். வெஸ்ட் பாயிண்ட் ராணுவக் கல்லூரியில் ஒன்றாகப் படித்தவர்கள். 1846-லிருந்து 1848 வரையில் நடந்த மெக்ஸிகோ யுத்தத்தில் ஒரே கொடியின் கீழ் சண்டை போட்டவர்கள். தெற்கின் சேனாதிபதி ராபர்ட் லீ அந்தக் கல்லூரிக்கே தலைவராக இருந்தவர். 1863-ல் அவருக்கு வயது 56. அவருடைய சேனையில் மூன்று கோர்கள், சுமார் 70,000 பேருக்கு மேல். அதற்கு முந்திய மே மாதத்தில் அவருடைய வலக்கையாக இருந்த ஜாக்ஸன், சொந்தச் சிப்பாய்களே இருட்டில் தவறிச் சுட்டதால் காயம்பட்டு இறந்துபோனார். ஆகவே பழைய இரண்டு கோர்களை மூன்றாகப் பிரித்து, இரண்டுக்குப் புதுத் தலைவர்களைப் போட்டிருந்தார் லீ. பழைய தலைவர் ஒருவர்தான் மிச்சம். அவர் பெயர் ஜேம்ஸ் லாங்ஸ்ட்ரீட். இந்தப் பெயரை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள்.

வடக்குச் சேனையில் ஏழு கோர்கள், குதிரைப்படை தனி. மொத்தம் 90,000 பேருக்கு மேல். ஆனால் அங்கே கைப்பிடியை அடிக்கடி மாற்றிக்கொண்டிருந்தார்கள். ஜூன் 28-ம் தேதி விடியற்காலை மூன்று மணிக்கு ஜெனரல் மீடு தம் கூடாரத்தில் தூங்கிக்கொண்டிருந்தபோது வாஷிங்டனிலிருந்து வந்த அதிகாரி அவரை எழுப்பினார். தம்மைக் கைது செய்ய வந்திருக்கிறார் என்றே மீடு நினைத்தாராம். வந்தது கைது உத்தரவு அல்ல. "இன்றிலிருந்து முழுச் சேனைக்கும் நீர்தான் தலைவர்" என்ற உத்தரவு! சண்டை மூண்டது அதற்கு மூன்றாம் நாள். புதிதாகக் கல்யாணமாகி வந்த மருமகள் கையில், வந்த மூன்றாம் நாளே ஆயிரம் பேர் விருந்தை ஒப்படைப்பது போலத்தான்.

லீக்கு வேறு ஒரு சங்கடம். எதிரி எங்கே இருக்கிறான் என்று பார்த்துச் சொல்ல வேண்டிய குதிரைப்படைத் தலைவர் ஸ்டூவர்ட், வெகு தூரம் சுற்றிக்கொண்டு போய், 125 வண்டிகளைப் பிடித்த சந்தோஷத்தில், சண்டையின் இரண்டாம் நாள் பிற்பகல் வரை திரும்பவே இல்லை. ஒருவருக்குச் சேனையைத் தெரியாது, மற்றவருக்கு எதிரி இருக்குமிடம் தெரியாது. இப்படித்தான் இரண்டு சேனைகளும் அந்தப் பத்துச் சாலைகளில் வந்து முட்டிக்கொண்டன.

முதலில் எங்களை ஊருக்கு மேற்கே அழைத்துப் போனார் வழிகாட்டி. சாதாரண வயல்வெளி. ஜூலை முதல் தேதி காலையில் வடக்கின் குதிரைப்படைத் தலைவர்களில் ஒருவரான ப்யூஃபோர்ட், மூவாயிரத்துக்கும் குறைவான ஆட்களைக் குதிரையை விட்டு இறங்கச் செய்து, இந்த மேட்டில் நிறுத்தினார். அவரைவிடப் பெரிய படை எதிரே வருகிறது என்று அவருக்குத் தெரியும். பின்னால் வரும் காலாட்படைக்கு இரண்டு மணி நேரம் சம்பாதித்துக் கொடுப்பதுதான் அவர் நோக்கம். சம்பாதித்துக் கொடுத்தார். ஆனால் முதலாவதாக ஓடிவந்த கோரின் தலைவர் ரெய்னால்ட்ஸ், வந்த சிறிது நேரத்திலேயே குதிரை மேலிருந்து குண்டுபட்டு விழுந்தார். மாலைக்குள் வடக்கத்தியார் ஊருக்குள்ளேயும் சந்து பொந்துகளிலேயும் விழுந்தடித்து ஓடி, தெற்கே இருக்கும் மயானக் குன்றில் ஏறினார்கள். இந்த அமளியில் ஷிம்மல்ஃபெனிக் என்ற ஜெனரல் ஒருவர் வேலி தாண்டி ஒரு வீட்டுப் புழக்கடையில் குதித்து, விறகுக் குவியலுக்கும் பன்றிக்குக் கழுநீர் வைக்கும் பீப்பாய்க்கும் நடுவில் ஒளிந்துகொண்டார். 4-ம் தேதி வரைக்கும் அங்கேயே இருந்தார். ஜெனரலாக இருந்தாலும் உயிர் வெல்லம் அல்லவா?

அந்த மயானக் குன்றின் மேல் போய் நின்றோம். உயரம் ஒன்றும் பிரமாதம் இல்லை. நம் ஊர்க் குன்றுகளைப் பார்த்தவர்கள் இதைத் திட்டு என்றுதான் சொல்வார்கள். ஆனால் இங்கே நின்றால் ஊரும் சாலைகளும் உள்ளங்கையில் தெரிகின்றன. அன்று மாலை இதைப் பிடித்துவிட்டால் சண்டை முடிந்துவிடும் என்று லீ கண்டார். இரண்டாவது கோரின் தலைவர் யூவெலுக்கு உத்தரவு அனுப்பினார். முடியுமானால் குன்றைப் பிடிக்க வேண்டும், ஆனால் மற்றப் படைகள் வந்து சேரும் வரையில் பெரிய சண்டையைத் தொடங்கவும் கூடாது என்பது உத்தரவின் சாரம்.

யூவெல் தைரியசாலி. முந்திய வருஷம் ஒரு காலை இழந்து, மரக்காலோடு திரும்பி வந்து சேனையில் சேர்ந்தவர். ஆனால் அவர் கோர் தலைவரானது அப்போதுதான். ஜாக்ஸனின் கீழ் வேலை செய்து பழகியவர். ஜாக்ஸன் இப்படிச் செய் என்பார், இவர் செய்வார். 'முடியுமானால்' என்ற வார்த்தையே ஜாக்ஸனுடைய உத்தரவில் இராது. குன்றைப் பார்த்தார், களைத்த ஆட்களைப் பார்த்தார், 'முடியாது' என்று தீர்மானித்தார். இரவோடு இரவாக வடக்கத்தியார் குன்றின் மேல் மண்மேடு போட்டுப் பீரங்கிகளை ஏற்றிவிட்டார்கள்.

"யூவெல் செய்தது தப்பா?" என்று நண்பர் கேட்டார்.

"நூற்றறுபது வருஷமாக அதைத்தான் கேட்டுக்கொண்டிருக்கிறார்கள்" என்றார் வழிகாட்டி. "எனக்கு என்னவோ யூவெலிடம் கோபம் வருவதில்லை. முடியுமானால் செய் என்று சொன்னவர் யார்?"

இரண்டாம் நாள் கதையில் உத்தரவை மீறியவர் ஒருவர் வருகிறார். வடக்கின் மூன்றாவது கோர் தலைவர் ஸிக்கிள்ஸ். இவர் வெஸ்ட் பாயிண்டில் படித்தவர் இல்லை, நியூயார்க் அரசியல்வாதி. 1859-ல் தம் மனைவியின் காதலனை வாஷிங்டன் தெருவில் பட்டப்பகலில் சுட்டுக்கொன்று, 'அந்தச் சமயத்தில் எனக்குப் புத்தி சுவாதீனத்தில் இல்லை' என்று வாதாடி விடுதலையானவர்! மீடு நிற்கச் சொன்ன இடம் தாழ்வாக இருக்கிறது என்று, தம்முடைய பத்தாயிரம் பேரையும் அரை மைலுக்கு மேல் முன்னே கொண்டுபோய் ஒரு பீச் பழத் தோட்டத்தில் நிறுத்தினார். மீடு வந்து பார்த்துத் திடுக்கிட்டார். பின்னே வரச் சொல்வதற்குள் லாங்ஸ்ட்ரீட்டின் பீரங்கிகள் முழங்கத் தொடங்கிவிட்டன. ஸிக்கிள்ஸின் கோர் சின்னாபின்னமாயிற்று. அவருடைய ஒரு கால் போயிற்று. போன காலை அவர் பெட்டியில் வைத்து ராணுவ வைத்திய மியூஸியத்துக்கு அனுப்பிவிட்டார். அப்புறம் அவ்வப்போது போய்ப் பார்த்துவிட்டும் வருவாராம். அந்தக் கால் எலும்பு இன்றும் மியூஸியத்தில் இருக்கிறது. (இந்தக் கட்டத்தில் நண்பரின் மனைவி, "ஐயோ, சாப்பாட்டு வேளையில் வேண்டாமே!" என்று காதைப் பொத்திக்கொண்டார்.)

ஸிக்கிள்ஸ் நகர்ந்ததால் 'சிறிய வட்ட முடி' என்ற பாறைக்குன்று காவலின்றிக் கிடந்தது. அது போனால் வடக்கின் அணிவகுப்பு முழுவதும் பக்கவாட்டில் திறந்துவிடும். இஞ்சினீயர் தலைவர் வாரன் தற்செயலாக ஏறிப் பார்த்துப் பதறிப்போய் உதவி கேட்டு ஆள் அனுப்பினார். அந்த ஆளை வழியில் பார்த்த பிரிகேட் தலைவர் ஸ்ட்ராங் வின்ஸெண்ட், தம் மேலதிகாரியின் அனுமதிக்குக் காத்திருக்கவில்லை. தம் சொந்தப் பொறுப்பிலேயே பிரிகேடை மலை மேல் ஏற்றினார். 26 வயது வக்கீல். அங்கேயே காயம்பட்டுச் சில நாளில் இறந்தார். கோடியில் நின்றவர்கள் மெய்ன் மாகாணத்து 20-வது ரெஜிமெண்டார். அவர்களுடைய தலைவர் சேம்பர்லேன் ஒரு கல்லூரி ஆசிரியர். தோட்டா தீர்ந்துபோயிற்று. துப்பாக்கி முனையில் கத்தியைச் செருகிக்கொண்டு சரிவில் பாய்ந்து இறங்கி எதிரியைத் துரத்தினார்கள். பிற்காலத்தில் அந்த ஆசிரியரை மெய்ன் ஜனங்கள் நாலு தடவை கவர்னராகத் தேர்ந்தெடுத்தார்கள்.

அதே மாலையில் மின்னஸோட்டாவின் முதல் ரெஜிமெண்ட் ஓட்டையை அடைக்க ஓடியது. 262 பேர் போனார்கள், 215 பேர் விழுந்தார்கள் என்று அவர்களுடைய ஞாபகச் சின்னத்தில் பொறித்திருக்கிறது. இந்தச் சண்டை நடந்த இடங்கள் எங்கும் இப்படி 1,300-க்கு மேற்பட்ட கல்லும் சிலையும். ஒவ்வொன்றாகப் படித்தால் ஒரு மாதம் ஆகும். நாங்கள் படிக்கவில்லை. நிழல் பார்த்து உட்கார்ந்து டிபன் காரியரைப் பிரித்தோம். வழிகாட்டிக்கும் புளியோதரை கொடுத்தோம். இரண்டாம் தடவையும் கேட்டு வாங்கிக்கொண்டார்.

சாப்பிட்ட இடத்துக்கு அருகில் இரண்டு சிறிய வீடுகள் இருக்கின்றன. சேனாதிபதிகளின் சிலைகளைப் பார்க்கிற அவசரத்தில் பலரும் இவற்றைப் பார்க்காமலே போய்விடுகிறார்கள். ஒன்று லிடியா லைஸ்டர் என்ற விதவையின் வீடு. மீடு அதைத் தம் தலைமை ஸ்தானமாக எடுத்துக்கொண்டார். இரண்டாம் நாள் இரவு பத்துப் பன்னிரண்டு ஜெனரல்கள் அந்தச் சிறு அறையில் நெருக்கியடித்து உட்கார்ந்து, இருப்பதா போவதா என்று ஓட்டு எடுத்தார்கள். இருப்பது என்று முடிவாயிற்று. சண்டை முடிந்து அந்த அம்மாள் திரும்பி வந்தபோது வாசலில் பதினேழு குதிரைகள் செத்துக் கிடந்தன. கோதுமை போயிற்று, ஊற்றுத் தண்ணீர் கெட்டுவிட்டது. குதிரை எலும்புகளை விற்றதுதான் அவளுக்குக் கிடைத்த நஷ்டஈடு.

மற்ற வீடு ஆப்ரஹாம் பிரையன் என்ற கறுப்பருடையது. சுதந்திரமான குடியானவர். பன்னிரண்டு ஏக்கர் நிலம். லீயின் சேனை பென்ஸில்வேனியாவுக்குள் நுழைந்ததும், கண்ணில் பட்ட கறுப்பர்களைப் பிடித்து அடிமைகளாகத் தெற்கே ஓட்டிக்கொண்டு போயிற்று. பிறந்ததிலிருந்து சுதந்திரமாக இருந்தவர்களையும் விடவில்லை. ஊரில் இருந்த கறுப்பர்கள் வீட்டைப் போட்டுவிட்டு ஓடினார்கள். பிரையனும் குடும்பத்தோடு ஓடினார். திரும்பி வந்து பார்த்தால் சுவரெல்லாம் குண்டு. வேலியும் பயிரும் மரங்களும் போய்விட்டன. 1,028 டாலர் நஷ்டம் என்று சர்க்காருக்கு எழுதினார். சர்க்கார் கொடுத்தது 15 டாலர். அந்த வீட்டைப் பார்த்த பிறகு, யுத்தம் எதைப் பற்றியது என்று விளக்க எனக்கு வேறு புத்தகம் தேவைப்படவில்லை.

ஊருக்குள் ஜென்னி வேட் என்ற இருபது வயதுப் பெண் ஒருத்தி பிள்ளை பெற்றிருந்த தன் அக்காளின் வீட்டில் ரொட்டிக்கு மாவு பிசைந்துகொண்டிருந்தாள். கதவைத் துளைத்துக்கொண்டு வந்த குண்டு அவளைக் கொன்றுவிட்டது. சண்டையில் நேராகக் குண்டுபட்டு இறந்த ஊர்வாசி அவள் ஒருத்திதான். அவளுடைய சிநேகிதன் ஜாக் ஸ்கெல்லி வடக்குச் சிப்பாய். வேறு ஊரில் அடிபட்டுக் கிடந்தான். இதே ஊரில் பிறந்து, வண்டி செய்யும் தொழிலுக்காகத் தெற்கே போய், அங்கேயே சேனையில் சேர்ந்துவிட்ட வெஸ்லி கல்ப் என்பவனிடம் ஸ்கெல்லி ஒரு செய்தி சொல்லி அனுப்பினான் என்று ஊரில் சொல்லுகிறார்கள். கல்ப்பின் உறவினருக்குச் சொந்தமான மலை கல்ப் மலை. அந்த மலைக்கருகே, எதிரிச் சிப்பாயாக, கல்ப் இறந்தான். ஜென்னியும் போனாள். சில நாளில் ஸ்கெல்லியும் போனான். செய்தி என்ன என்பது மூவரோடும் போயிற்று.

பிற்பகலில் மேற்கேயுள்ள மரவரிசைக்குப் போனோம். குதிரை மேல் லீயின் சிலை. எதிரே திறந்தவெளி, ஏறக்குறைய ஒரு மைல். அப்பால் தாழ்வான கற்சுவர், ஒரு சிறு தோப்பு. அங்கே குதிரை மேல் மீடு. இரண்டு சேனாதிபதிகளும் இன்றும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டிருக்கிறார்கள்.

ஜூலை 3-ம் தேதி இந்த வெளியைக் கடந்து போய் வடக்கு அணியின் நடுவை உடைப்பது என்று லீ தீர்மானித்தார். லாங்ஸ்ட்ரீட் தடுத்தார். அவருக்கு அப்போது வயது 42. முந்திய வருஷத் தொடக்கத்தில் விஷக்காய்ச்சலில் சில நாட்களுக்குள் மூன்று குழந்தைகளைப் பறிகொடுத்தவர். அதற்கப்புறம் அதிகம் பேசாதவர். எத்தனை பேரை அனுப்பினாலும் அந்த இடத்தைப் பிடிக்க முடியாது என்று சேனாதிபதியிடமே சொல்லிப் பார்த்தார். லீ கேட்கவில்லை. பொறுப்பையும் லாங்ஸ்ட்ரீட்டிடமே கொடுத்துவிட்டார்.

பகல் ஒரு மணிக்கு 150-க்கு மேற்பட்ட தெற்குப் பீரங்கிகள் ஒரே சமயத்தில் வெடித்தன. சுமார் இரண்டு மணி நேரம். குண்டுகளில் பெரும்பாலானவை தலைக்கு மேலே தாண்டிப் போய், லைஸ்டர் அம்மாள் வாசலில் கட்டியிருந்த குதிரைகளைக் கொன்றன. புகைக்குள் இருந்தவர்களுக்கு அது தெரியவில்லை. வடக்கின் பீரங்கித் தலைவர் ஹண்ட், மருந்தை மிச்சம் பிடிக்கத் தம் பீரங்கிகளைக் கொஞ்சம் கொஞ்சமாக நிறுத்தினார். எதிரி அடங்கிவிட்டான் என்று இவர்கள் நினைத்துக்கொண்டார்கள்.

இந்த இடத்தில்தான் வழிகாட்டி குரலைத் தாழ்த்திக்கொண்டார். லாங்ஸ்ட்ரீட், தம் பீரங்கிப் படையில் இருந்த அலெக்ஸாண்டர் என்ற 28 வயது அதிகாரிக்கு ஒரு சீட்டு எழுதினார். பீரங்கியால் பலன் இல்லை என்று தோன்றினால் பிக்கெட்டைப் போகச் சொல்ல வேண்டாம், உம்முடைய யோசனைப்படியே நடக்கட்டும் என்பது அதன் கருத்து. யோசித்துப் பாருங்கள்! சேனாதிபதி சொன்னதை இவரால் மறுக்க முடியவில்லை. சொல்லவும் வாய் வரவில்லை. ஆகவே ஒரு பையனின் தலையில் வைக்கப் பார்க்கிறார். பையன் புத்திசாலி. மிகவும் மரியாதையாகப் பதில் எழுதித் திருப்பி அனுப்பிவிட்டான். கடைசியில் டிவிஷன் தலைவர் பிக்கெட்டே நேரில் வந்து, "புறப்படலாமா?" என்று கேட்டார். லாங்ஸ்ட்ரீட் பேசவில்லை. தலையை மட்டும் அசைத்தார்.

சுமார் 12,500 பேர் மரநிழலிலிருந்து வெளியே வந்து வரிசை அமைத்து நடக்கத் தொடங்கினார்கள்.

நாங்களும் நடந்தோம். புல்லை வெட்டிப் பாதை போட்டிருக்கிறார்கள். தூரத்திலிருந்து தட்டையாகத் தெரிகிற பூமி நடந்தால் தட்டையாக இல்லை. ஏறி இறங்குகிறது. ஒரு பள்ளத்தில் சுவர் மறைந்துபோகிறது. 'அப்பாடா' என்று இருக்கிறது. ஏறியதும் மறுபடி எதிரே நிற்கிறது. பாதிக்கு மேல் போனால் எம்மிட்ஸ்பர்க் சாலை. இரு புறமும் கட்டைவேலி. இதை ஏறிக் குதிக்க வேண்டியிருந்தது. அப்போதுதான் சுவரருகே இருந்தவர்கள் பீரங்கியில் சிறு குண்டுகளை நிரப்பிச் சுட்டார்கள். நண்பர் வேலியின் மேல் கையை வைத்துக்கொண்டு சிறிது நேரம் நின்றுவிட்டார். வெயிலில் எனக்குக் கால் வலித்தது. என்னை யாரும் சுடவில்லை.

பிக்கெட்டின் கீழ் மூன்று பிரிகேட் தலைவர்கள். ஒருவர் அங்கேயே இறந்தார். ஒருவர் பலத்த காயம். மூன்றாமவர் ஆர்மிஸ்டெட், வாள் நுனியில் தொப்பியை மாட்டி உயர்த்திக்கொண்டு, சுமார் நூறு இருநூறு பேரோடு கற்சுவரைத் தாண்டினார். தாண்டிய இடத்திலேயே விழுந்தார். எதிரே படை நடத்தியவர் ஹான்காக், யுத்தத்துக்கு முன் அவருடைய அருமை நண்பர். விழுந்த ஆர்மிஸ்டெட் நண்பரைப் பற்றி விசாரித்தார். அவரும் சற்று முன்புதான் காயம்பட்டார் என்று சொன்னார்கள். ஹான்காக் பிழைத்தார். ஆர்மிஸ்டெட் இரண்டு நாளில் இறந்தார்.

ஒரு மணி நேரத்துக்குள் எல்லாம் முடிந்தது. போனவர்களில் பாதிப் பேர் திரும்பவில்லை. திரும்பி வந்தவர்களை லீ எதிர்கொண்டு, தப்பு முழுவதும் தம்முடையதே என்று சொன்னார். டிவிஷனை ஒழுங்குபடுத்தும்படி பிக்கெட்டிடம் சொன்னபோது, தம்மிடம் இப்போது டிவிஷனே இல்லை என்று பதில் வந்தது. ஆகஸ்டில் லீ ராஜிநாமாக் கடிதம் கொடுத்தார். ஏற்கவில்லை.

மூன்று நாளில் இரு புறமும் செத்தவர், காயம்பட்டவர், பிடிபட்டவர், காணாமற் போனவர் எல்லாம் சேர்த்து ஏறக்குறைய 50,000 பேர். 4-ம் தேதி கொட்டுகிற மழையில் லீ பின்வாங்கினார். மீடு பின்னாலேயே பாயவில்லை என்று லிங்கனுக்கு மகா கோபம். காட்டமாக ஒரு கடிதம் எழுதி, அனுப்பாமலே உறையில் போட்டு வைத்துவிட்டார். நவம்பர் 19-ம் தேதி அந்த மயானக் குன்றில் அவர் இரண்டு நிமிஷம் பேசியதை உலகமே அறியும். அவருக்கு முன்னால் இரண்டு மணி நேரம் பேசியவரின் பேச்சை இன்று தேடிப் படிப்பவர் சிலரே. மேடைப் பேச்சாளர்கள் கவனிக்க வேண்டிய விஷயம்! 1913-ல், ஐம்பதாம் வருஷத்தில், ஐம்பதாயிரத்துக்கு மேற்பட்ட பழைய சிப்பாய்கள் இங்கே வந்து கூடினார்கள். கற்சுவரின் இரு புறமும் நின்று கிழவர்கள் கை குலுக்கிக்கொண்டார்கள்.

"லாங்ஸ்ட்ரீட் என்ன ஆனார்?" என்று நண்பரின் மனைவி கேட்டார்.

வழிகாட்டி பதில் சொல்லாமல் மரங்களுக்கு நடுவே காரை ஓட்டிக்கொண்டு போனார். யுத்தத்துக்குப் பிறகு லாங்ஸ்ட்ரீட் லிங்கனின் கட்சியில் சேர்ந்தார். தம்மை வென்ற கிராண்ட் அவருடைய பழைய நண்பர். அவருக்கு ஆதரவாக நின்றார். 1874-ல் நியூ ஆர்லியன்ஸில் கறுப்பர்கள் நிறைந்த சர்க்கார்ப் படையை நடத்திக்கொண்டு போய், வெள்ளையர் சங்கத்தாரின் கலகத்தை எதிர்த்து நின்றார். எதிரே இருந்தவர்களில் பலர் முன்பு தெற்குச் சேனையில் இருந்தவர்கள். அதைத் தெற்கத்தியார் மன்னிக்கவே இல்லை. லீ 1870-ல் இறந்த பிறகு, 'கெட்டிஸ்பர்க்கில் தோற்றது லீயால் அல்ல, வேண்டுமென்றே தாமதம் செய்த லாங்ஸ்ட்ரீட்டால்' என்று பேசவும் எழுதவும் தொடங்கினார்கள். 1904-ல் அவர் சாகும் வரையில் அதற்குப் பதில் எழுதிக்கொண்டே இருந்தார். மற்றத் தளபதிகளுக்கெல்லாம் சிலை எழுந்த இந்த இடத்தில் அவருக்குச் சிலை வந்தது 1998-ல்தான்.

இதோ, மரநிழலில் நிற்கிறது. பீடம் இல்லை. குதிரை தரையிலேயே நிற்கிறது. கடிவாளத்தை இழுத்துப் பிடித்தபடி தாடிக்காரர் ஒருவர் உட்கார்ந்திருக்கிறார். சாலையில் வேகமாகப் போகிறவர்களின் கண்ணில் படாது. லீயின் சிலையைப் போல அண்ணாந்து பார்க்க வேண்டியதில்லை. குழந்தைகள்கூடக் குதிரையைத் தொடலாம்.

"வேண்டாம் என்று ஒரு வார்த்தை சொல்லியிருந்தால்?" என்றார் நண்பரின் மனைவி.

"சொன்னாரே, அம்மா. காலையிலிருந்து சொன்னார்" என்றார் பெரியவர். "பிக்கெட்டிடம்தான் சொல்லவில்லை."

ஊருக்குத் திரும்பியதும் காரை நிறுத்திச் சாவியை நண்பரிடம் கொடுத்தார். காலி டிபன் காரியரை எடுத்து, அடுக்குகளைச் சரியாகப் பொருத்தி, கைப்பிடியை மாட்டி, ஆசனத்தில் வைத்துவிட்டு விடைபெற்றுக்கொண்டார். நாங்கள் வாஷிங்டனுக்கு எம்மிட்ஸ்பர்க் சாலை வழியாகவே புறப்பட்டோம். வெளிச்சம் மங்கிக்கொண்டிருந்தது. ஊர் எல்லையைத் தாண்டிச் சிறிது தூரம் வரையில், இரு புறமும் கட்டைவேலி கூடவே வந்தது.